பொறியியலாளர் சங்கங்கள் எதற்காக? வன்னியிலிருந்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா, மன்னார்ப் பக்கங்களில் பொறியியல் படிப்பவர்களும், திணைக்களங்களில் வேலை செய்பவர்களும், கமக்காரர் அமைப்புகளில் இருப்பவர்களும் பொறியியலாளரின் தொழில்சார் சங்கங்களைப் பற்றிக் கேட்கும் கேள்விகள் இவை. சிலவற்றுக்கு நாலு வரி போதும். குளங்களைப் பற்றிய பதில் மட்டும் நீளமானது. வன்னியில் பொறியியல் என்றால் முதலில் குளம்தான் என்பதால் அதைச் சுருக்க மனம் வரவில்லை.

தொழில்சார் சங்கமும் தொழிற்சங்கமும் ஒன்றுதானே?

இல்லை. தொழிற்சங்கம் உறுப்பினரின் சம்பளம், பதவி உயர்வு, இடமாற்றம் ஆகியவற்றுக்காக நிற்பது. இலங்கையில் அது 1935 ஆம் ஆண்டின் தொழிற்சங்கக் கட்டளைச் சட்டத்தின் கீழ்ப் பதிவாகிறது. தொழில்சார் சங்கத்தின் வேலை வேறு. யாரைப் பொறியியலாளராக ஏற்கலாம் என்று தீர்மானிப்பது, படிப்பின் தரத்தைப் பரிசீலிப்பது, ஒருவர் தொழிலில் கற்றதை மற்றவர்களுக்குச் சொல்ல மேடை அமைப்பது, நடத்தைக் கோவை எழுதி அதை மீறியவரை விசாரிப்பது ஆகியவை அதன் பொறுப்புகள்.

மின்சார சபைப் பொறியியலாளர்கள் வேலைநிறுத்தத்துக்கு அறிவித்தல் கொடுத்தார்கள் என்று பத்திரிகையில் வந்தால், அது தொழிற்சங்கத்தின் செயல். இலங்கைப் பொறியியலாளர் நிறுவகம் தொழில்சார் அமைப்பு. ஒரே ஆள் இரண்டிலும் இருக்கலாம், பலர் இருக்கிறார்கள். இரண்டையும் பிரிப்பது முன்னுரிமைதான். தொழிற்சங்கத்தில் உறுப்பினரின் நலன் முதலில் வருகிறது, அது நியாயமும்கூட. தொழில்சார் சங்கத்தின் நடத்தைக் கோவையில் பொதுமக்களின் பாதுகாப்பு முதலில் வர வேண்டும். இந்த வரிசையை மறந்த சங்கத்தைத் தொழில்சார் சங்கம் என்று அழைக்க நான் உடன்பட மாட்டேன்.

முதன்முதலில் இப்படி ஒரு சங்கம் எங்கே தோன்றியது?

இலண்டனில். எடிஸ்டோன் கலங்கரை விளக்கத்தைக் கட்டிய ஜோன் ஸ்மீட்டனும் நண்பர்களும் 1771 இல் ஒரு சங்கம் அமைத்தார்கள். பெயர்பெற்ற மூத்தவர்கள் கூடி உணவருந்திப் பேசும் வட்டமாக அது இருந்தது. இளைஞர்களுக்கு அங்கே இடம் கிடைப்பது அரிது.

அந்தக் குறையிலிருந்துதான் அடுத்த சங்கம் பிறந்தது. 1818 ஜனவரி 2 ஆம் திகதி, பிளீட் வீதியில் இருந்த கெண்டல் கோப்பிக் கடையில் சில இளம் பொறியியலாளர்கள் கூடினார்கள். அவர்களை அழைத்த ஹென்றி ரொபின்சன் பாமருக்கு அப்போது 22 வயது. ஒருவருக்கொருவர் கற்பித்துக்கொள்ள வேண்டும் என்பதே நோக்கம். பணமும் இல்லை, பெயரும் இல்லை. இரண்டு ஆண்டுகள் சங்கம் வளராமலே கிடந்தது. 1820 இல் தோமஸ் டெல்போர்டைத் தலைவராகும்படி கேட்டார்கள். பாலங்களாலும் வீதிகளாலும் கால்வாய்களாலும் நாடறிந்தவர் அவர். அவர் ஒப்புக்கொண்ட பிறகு நிலைமை மாறியது. 1828 இல் அரச பட்டயம் கிடைத்தது. இன்றுவரை இயங்கும் குடிசார் பொறியியலாளர் நிறுவனம் அதுதான்.

டெல்போர்ட் ஓர் இடையனின் மகன். கல் வேலை செய்யும் தச்சனாகத் தொழிலைத் தொடங்கியவர். உலகின் முதலாவது பெரிய பொறியியல் நிறுவனத்தின் முதல் தலைவர் பல்கலைக்கழகத்தில் படித்தவர் அல்லர். மேசனாக வேலை பார்த்துக்கொண்டே பகுதிநேரமாகப் படிக்கும் நம் பிள்ளைகளுக்கு இதை நான் விரும்பிச் சொல்வேன்.

பிரித்தானியாவில் ஏன்? பிரான்சில் ஏன் இல்லை?

நல்ல கேள்வி. பிரான்சில் 1747 இலேயே பாலங்களுக்கும் வீதிகளுக்குமான கல்லூரியை அரசே தொடங்கிவிட்டது. பொறியியலாளரைப் பயிற்றுவிப்பதும் தேர்ந்தெடுப்பதும் வேலையில் அமர்த்துவதும் அரசுதான். பிரித்தானியாவில் ஒருவர் இன்னொருவரிடம் ஆண்டுக்கணக்கில் பழகித் தொழில் கற்றார். இவர் தேர்ந்தவர் என்று சொல்ல எவரும் இல்லாதபோது, தொழிலில் இருந்தவர்களே கூடி ஒருவரையொருவர் எடைபோட வேண்டியிருந்தது. சக தொழிலாளர் பரிந்துரை, அனுபவ அறிக்கை, நேர்முகம் என்ற வழக்கம் அங்கிருந்து வந்தது. காலனித்துவ ஆட்சியின் கீழ் இலங்கைக்கு வந்ததும் இந்த முறைதான். இன்று பட்டயப் பொறியியலாளர், அதாவது முழுத் தகுதி பெற்றவர் என்று சங்கம் ஏற்ற பொறியியலாளர், ஆவதற்கு மூத்தவர்கள் முன்னால் போய் உட்காரும்போது, அந்தக் கோப்பிக் கடை வழக்கத்தின் தொடர்ச்சியில்தான் உட்காருகிறோம்.

ஏன் இத்தனை சங்கங்கள்?

தொழில் கிளை பிரியும்போது சங்கமும் பிரிகிறது. 1847 இல் பேர்மிங்காமில் இயந்திரப் பொறியியலாளர் நிறுவனம் தோன்றியது. ரயில் பாதை முன்னோடி ஜோர்ஜ் ஸ்டீபன்சன் அதன் முதல் தலைவர். 1871 இல் தந்திப் பொறியியலாளர் சங்கம் வந்தது. பின்னர் அது மின் பொறியியலாளர் நிறுவனமாக வளர்ந்தது. அமெரிக்காவில் குடிசார் பொறியியலாளர் சங்கம் 1852 இலும், இயந்திரப் பொறியியலாளர் சங்கம் 1880 இலும், மின் பொறியியலாளர் சங்கம் 1884 இலும் தொடங்கின. பிரிந்தவை சேர்வதும் உண்டு. அந்த மின் பொறியியலாளர் சங்கமும் வானொலிப் பொறியியலாளர் சங்கமும் 1963 இல் இணைந்ததால் உருவானதுதான், கணினி மாணவர்கள் நன்கறிந்த ஐ.ட்ரிபிள்.ஈ (IEEE).

இலங்கையில் இது எப்போது தொடங்கியது?

1906 இல் இலங்கைப் பொறியியல் சங்கம் என்ற பெயரில். நீர்ப்பாசனத் திணைக்களம் தனியாக அமைந்து ஆறு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. கொழும்பிலிருந்து வன்னிக் காட்டை ஊடறுத்து வந்த வடக்கு ரயில் பாதை அதற்கு முந்திய ஆண்டு முடிந்திருந்தது. 1956 இல் சங்கம் நிறுவகமாக மாறியது. 1968 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்கச் சட்டத்தால் பாராளுமன்றம் அதைக் கூட்டிணைத்தது. இன்றைய இலங்கைப் பொறியியலாளர் நிறுவகம் இதுவே.

சங்கத்தில் கட்டுரை வாசிப்பதால் நாட்டுக்கு ஏதாவது நடந்திருக்கிறதா?

நடந்திருக்கிறது. 1918 இல் டி. ஜே. விமலசுரேந்திர என்ற பொறியியலாளர், இலங்கையின் நீர்வீழ்ச்சிகளிலிருந்து மின்சாரம் எடுப்பதன் பொருளாதாரத்தைப் பற்றிப் பொறியியல் சங்கத்தின் முன் ஒரு கட்டுரை வாசித்தார். மஸ்கெலிய ஓயாவையும் கெகல்கமு ஓயாவையும் பயன்படுத்தினால் என்ன கிடைக்கும் என்று கணக்குப் போட்டுக் காட்டினார். அன்றைய நிர்வாகம் அதைக் கையில் எடுக்கத் தயங்கியது. திட்டம் தொடங்கி, நின்று, மறுபடி தொடங்கி, 1950 இல்தான் லக்சபான நிலையம் மின்சாரம் தந்தது. அலுவலகக் கோப்பில் எழுதியிருந்தால் அந்த யோசனை கோப்போடு மடிந்திருக்கும். சங்கத்தில் வாசித்து அச்சில் ஏறியதால் அதை எவராலும் இல்லையென்று ஆக்க முடியவில்லை. அரசாங்க வேலையில் இருப்பவருக்குச் சங்கம் தரும் மிகப் பெரிய உதவி இதுவென்றே நினைக்கிறேன்: மேலதிகாரியின் மேசையைத் தாண்டிச் சக தொழிலாளர் முன்னால் ஒரு கருத்தை வைக்கும் உரிமை.

நம்மவர்களில் யாரைச் சொல்லலாம்?

பேராசிரியர் அ. துரைராஜாவை முதலில் சொல்வேன். கேம்பிரிட்ஜில் மண் பொறியியல் ஆய்வு செய்தவர். பின்னர் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராகப் போர்க்காலத்தில் பணியாற்றியவர். ரொஸ்கோ, ஸ்கோஃபீல்ட் ஆகியோருடன் சேர்ந்து அவர் களிமண்ணின் நடத்தை பற்றி எழுதிய 1963 ஆம் ஆண்டுக் கட்டுரை இன்றும் உலகம் முழுவதும் மேற்கோள் காட்டப்படுகிறது. அது வெளிவந்த ஜியோடெக்னிக் என்ற ஆய்விதழை நெடுங்காலம் வெளியிட்டு வந்தது, மேலே சொன்ன 1818 ஆம் ஆண்டுக் கோப்பிக் கடை நிறுவனம்தான்.

அடுத்தவர் நீர்ப்பாசனப் பொறியியலாளர் ச. ஆறுமுகம். 1950-களில் அவர் முன்வைத்த திட்டத்தை மக்கள் இன்றும் ஆறுமுகம் திட்டம் என்றே அழைக்கிறார்கள். வன்னியில் பெய்த மழை கனகராயன் ஆற்றின் வழியே ஆனையிறவுக் களப்பில் விழுந்து கடலோடு போகிறது. களப்பின் வாய்களை அடைத்து, உப்பு நீரை வெளியேற்றி, நன்னீரைத் தேக்கி, முள்ளியான் வாய்க்காலால் வடமராட்சிக் களப்புக்கு அனுப்பலாம் என்பது அவர் கணக்கு. வேலை தொடங்கி இடையில் நின்றது. இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் பொறியியலாளர் கூடும் இடமெல்லாம் அந்தத் திட்டம் விவாதத்துக்கு வருவதற்குக் காரணம், அதன் அளவுகளும் வாதங்களும் எழுத்தில் இருப்பதுதான்.

சங்கம் உயிரைக் காப்பாற்றுமா, அல்லது சான்றிதழ் மட்டும் கொடுக்குமா?

1905 மார்ச்சில் அமெரிக்காவின் புரொக்டன் நகரச் சப்பாத்துத் தொழிற்சாலையில் ஒரு கொதிகலன் வெடித்தது. 58 பேர் இறந்தார்கள். அக்காலத்தில் கொதிகலன் வெடிப்பது அடிக்கடி நடக்கும் செய்தி. தகட்டின் தடிப்பு எவ்வளவு, தறையாணி எங்கே, பாதுகாப்பு வால்வு எப்படி என்பதற்குப் பொது விதி இருக்கவில்லை. மசாசூசெட்ஸ் மாநிலம் சட்டம் இயற்றியது. அமெரிக்க இயந்திரப் பொறியியலாளர் சங்கம் 1914 இல் கொதிகலன் விதிக்கோவை ஒன்றை உருவாக்கியது. அதைத் தொடர்ந்து திருத்திக்கொண்டே வருகிறார்கள். இன்று உலகம் எங்கும் அது பயன்படுகிறது. நெல் அவிக்கும் ஆலைகள் உள்ள நம் பகுதியில், கொதிகலனுக்குப் பக்கத்தில் நாள் முழுவதும் நிற்கும் தொழிலாளிக்கு இந்த வரலாறு தொலைவில் இல்லை.

1907 ஆகஸ்டில் கனடாவில் கட்டப்பட்டுக்கொண்டிருந்த கியூபெக் பாலம் இடிந்து 75 தொழிலாளர் இறந்தார்கள். பாலத்தின் உண்மையான நிறை கணக்கிட்டதைவிட அதிகமாக இருந்தது. பாலத்தின் இரும்புச் சட்டங்கள் வளைவது தளத்தில் தெரிந்தது. முடிவெடுக்க வேண்டிய ஆலோசகர் நியூயோர்க்கில் இருந்தார். நிறுத்துங்கள் என்ற செய்தி உரிய நேரத்தில் தளத்தை அடையவில்லை. 1925 முதல் கனடாவில் புதிய பொறியியலாளர்கள் ஒரு சடங்கில் உறுதிமொழி எடுத்து, வேலை செய்யும் கையின் சுண்டு விரலில் இரும்பு மோதிரம் அணிகிறார்கள். அந்த மோதிரங்கள் இடிந்த பாலத்தின் இரும்பால் செய்யப்பட்டவை என்ற கதை பரவலாக உள்ளது, அது உண்மையல்ல. வரைபடத்தில் கோடு இழுக்கும்போதெல்லாம் மோதிரம் தாளில் உராய வேண்டும் என்பதற்காகவே அந்த விரல்.

மூன்றாவது உதாரணம் நம் கட்டடத் தளங்களுக்கு மிக நெருக்கமானது. 1981 இல் கன்சாஸ் நகரின் ஒரு விடுதியில் தொங்கு நடைபாதைகள் இரண்டு விழுந்து 114 பேர் மாண்டார்கள். மூல வரைபடத்தில் மேல் நடைபாதையும் கீழ் நடைபாதையும் ஒரே நீளக் கம்பியில் தனித்தனியே தொங்கின. வேலைக்கு வசதியாக அந்தக் கம்பியை இரண்டாக வெட்டி, கீழ் நடைபாதையை மேல் நடைபாதையின் உத்தரத்திலிருந்து தொங்கவிட்டார்கள். மேலே இருந்த ஒரு பொருத்தில் இரட்டிப்புச் சுமை ஏறியது. மாற்றம் சிறியது, அதை எவரும் மறுபடி கணக்கிடவில்லை, வரைபடத்தில் பொறியியலாளரின் முத்திரை இருந்தது. மிசூரி மாநிலம் இரண்டு பொறியியலாளரின் அனுமதிப்பத்திரத்தைப் பறித்தது. ஒப்பந்தகாரர் வந்து, சேர், இந்தக் கம்பியை இப்படி வைத்தால் வேலை சுகம் என்று சொல்லும் ஒவ்வொரு முறையும் நினைக்க வேண்டிய சம்பவம் இது.

நான் கமக்காரன். பொறியியலாளர் சங்கம் இருந்தால் எனக்கு என்ன, இல்லாவிட்டால் என்ன?

உங்களுக்குத்தான் மிக அதிகம். பயிர்ச்செய்கைக் கூட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். குளத்தில் எத்தனை அடி நீர் நிற்கிறது, சிறுபோகத்துக்கு (கோடைப் பயிருக்கு) எத்தனை ஏக்கர் விதைக்கலாம், துருசு (குளத்து மதகு) எந்தத் திகதியில் திறக்கும் என்று நீர்ப்பாசனப் பொறியியலாளர் சொல்கிறார். அதை வைத்துத்தான் ஊர் முழுவதும் கடன் வாங்குகிறது, விதைக்கிறது. அவர் சொல்லும் எண் சரியா, அவர் அதைப் பயமின்றிச் சொல்கிறாரா என்பதில் உங்கள் போகம் இருக்கிறது.

இரணைமடு வடக்கின் மிகப் பெரிய குளம். கனகராயன் ஆற்று நீரைத் தேக்கி, இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டத் தொடங்கி, பின்னர் பல தடவை அணை உயர்த்தப்பட்டது. கொள்ளளவு ஒரு இலட்சம் ஏக்கரடிக்கு மேல். அத்தகைய குளத்தில் மழைக்காலத்தில் எடுக்க வேண்டிய முடிவு மிகக் கடினமானது. மிகுநீரை வெளியேற்றும் வான்கதவை முன்கூட்டித் திறந்து நீரை விட்டால், பிறகு மழை ஏமாற்றினால் சிறுபோகம் போய்விடும். நிறையட்டும் என்று காத்திருந்தால், ஒரே இரவில் மேல்நிலத்து வெள்ளம் வந்து சேர்ந்தால், கதவுகளை ஒன்றாகத் திறக்க நேர்ந்து கீழே உள்ள ஊர்கள் மூழ்கும். இரண்டு பக்கமும் மனிதர்தான் நிற்கிறார்கள்.

2018 டிசம்பர் பிற்பகுதியில் கிளிநொச்சியும் முல்லைத்தீவும் வெள்ளத்தில் மூழ்கியபோது, வான்கதவுகள் எப்போது திறக்கப்பட்டன என்பது பற்றிக் கடும் விவாதம் எழுந்தது. விசாரணை கோரப்பட்டது, அரசியல் மேடைகளிலும் பேசப்பட்டது. யார் சரி என்று இங்கே தீர்ப்புச் சொல்ல நான் வரவில்லை. ஆனால் அப்படி ஒரு நேரத்தில் தொழில்சார் சங்கம் செய்ய வேண்டியது தெளிவானது. திணைக்களத்தைச் சாராத, நீரியல் அறிந்த மூவரையோ நால்வரையோ அனுப்ப வேண்டும். மழைமானிப் பதிவு, நீர்மட்டப் பதிவு, கதவு திறந்த நேரம் ஆகியவற்றை வரிசையாக வைத்துப் பார்க்க வேண்டும். கதவு இயக்கத்துக்கு எழுத்து மூலமான விதி இருந்ததா, அது பின்பற்றப்பட்டதா, விதியே போதாமல் இருந்ததா என்று சொல்ல வேண்டும். அந்த அறிக்கை தமிழில் கமக்காரர் அமைப்பின் கைக்கு வர வேண்டும். அப்படி வந்தால் தவறு செய்தவர் தப்ப மாட்டார். தவறு செய்யாத பொறியியலாளர் பலிக்கடாவாகவும் மாட்டார்.

இரணைமடு நீரை யாழ்ப்பாணத்துக்குக் குடிநீராகக் கொடுப்பது பற்றிய தகராறும் இதே வகை. கிளிநொச்சிக் கமக்காரர்கள் எதிர்த்தார்கள். யாழ்ப்பாணத்துக்கும் தாகம் உண்மையானது. முடிவில் தாளையடியில் கடல்நீரைக் குடிநீராக்கும் நிலையத்துக்குப் போனார்கள். வறட்சி ஆண்டில் குளத்தில் மிச்சம் எவ்வளவு, ஒரு கன மீற்றர் நீருக்குச் செலவு எவ்வளவு என்ற கேள்விகள் கணக்கால் பேச வேண்டியவை. இரு பக்கமும் நம்பக்கூடிய ஒரு தொழில்சார் குரல் தொடக்கத்திலேயே ஒலித்திருந்தால், அந்த விவாதம் ஊருக்கும் ஊருக்கும் இடையிலான பகையாக மாறியிருக்காது என்பது என் எண்ணம்.

அணை உடையும் என்பது வெறும் அச்சமா என்று கேட்பவர்களுக்கு ஒரு சொல்: 1986 ஏப்ரல் 20 ஆம் திகதி கந்தளாய்க் குளம் உடைத்தது. நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். முத்தையன்கட்டு, வவுனிக்குளம், அக்கராயன், பாவற்குளம், கட்டுக்கரை என்று நம்மைச் சுற்றியும் மண் அணைகள்தான்.

கிளிநொச்சி அறிவியல்நகரில் பொறியியல் படிக்கிறேன். எப்போது சேரலாம்?

இப்போதே, மாணவ உறுப்பினராக. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் பொறியியல் பீடம் 2014 முதல் அங்கே மாணவர்களைச் சேர்த்து வருகிறது. அதற்கு முன்பு வன்னிப் பிள்ளை பொறியியல் படிக்கப் பேராதனை, மொரட்டுவை போன்ற வேறு இடங்களுக்குப் போக வேண்டியிருந்தது. பட்டம் முடிந்ததும் இணை உறுப்பினர். பிறகு பல ஆண்டு மேற்பார்வையோடு கூடிய பயிற்சி, பொறுப்பான பணி, அறிக்கை, தொழில்சார் மதிப்பாய்வு ஆகியவற்றைக் கடந்தால் பட்டயப் பொறியியலாளர். முதல் நாளிலிருந்தே தினக்குறிப்பு எழுதுங்கள். எந்தக் கணக்கை நீங்கள் போட்டீர்கள், எந்த முடிவை நீங்கள் எடுத்தீர்கள் என்று எழுதாதவர்கள் மதிப்பாய்வில் தடுமாறுகிறார்கள்.

அந்தப் பட்டம் வெளிநாட்டில் செல்லுமா?

1989 ஆம் ஆண்டின் வாஷிங்டன் உடன்படிக்கையில் இலங்கைப் பொறியியலாளர் நிறுவகம் 2014 இல் முழு உறுப்பினரானது. நிறுவகம் அங்கீகரித்த பட்டத்தை மற்ற உறுப்பு நாடுகளின் அமைப்புகள் சமமாக மதிக்கும். அங்கீகாரம் பல்கலைக்கழகத்துக்கு மொத்தமாகக் கிடைப்பதில்லை. ஒவ்வொரு பட்டப் பாடநெறிக்கும் ஒவ்வொரு காலத்துக்கும் தனியாகக் கிடைப்பது. ஆகவே உங்கள் துறைக்கு, உங்கள் அணிக்கு அது உண்டா என்று பீடத்திடம் எழுத்தில் கேளுங்கள்.

பட்டம் இல்லை, டிப்ளோமாதான். எனக்கு இடம் உண்டா?

உண்டு. 2017 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டம் இலங்கைப் பொறியியல் பேரவையை உருவாக்கியது. பட்டயப் பொறியியலாளர் மட்டுமல்லாமல், கூட்டிணைந்த பொறியியலாளர், பொறியியல் டிப்ளோமாதாரர், பொறியியல் தொழில்நுட்பவியலாளர் என்ற வகைகளையும் அது பதிவு செய்கிறது. நிறுவகம் என்பது ஒரு சங்கம். பேரவை என்பது அரசு சட்டத்தால் அமைத்த பதிவு அமைப்பு. இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

வன்னியில் உண்மையாகத் தளத்தில் நிற்பவர் தொழில்நுட்ப உத்தியோகத்தர்தான். பிரதேச சபை வீதியா, பாடசாலைக் கட்டடமா, வாய்க்கால் திருத்தமா, அளவெடுப்பதும் கொங்கிரீட்டைப் பார்ப்பதும் அவரே. அறிவியல்நகரிலுள்ள இலங்கை-ஜெர்மன் பயிற்சி நிறுவகம் போன்ற இடங்களிலிருந்து பயிற்சி பெற்று வரும் இளைஞர்களும் அதே தளத்துக்குத்தான் வருகிறார்கள். இவர்களைக் கீழ்த்தட்டு என்று நடத்தும் சங்கம் தன் கண்ணையே கட்டிக்கொள்கிறது.

பெண்கள்?

ஹெர்தா ஏர்ட்டன் 1899 இல் பிரித்தானிய மின் பொறியியலாளர் நிறுவனத்தில் முதல் பெண் உறுப்பினரானார். குடிசார் நிறுவனத்தில் டொரதி புக்கானனை ஏற்க 1927 வரை ஆனது. இலங்கையின் முதல் பெண் பொறியியலாளர் ஒரு தமிழர், பிரேமளா சிவசேகரம். 1960-களில் பட்டம் பெற்றவர். இன்று அறிவியல்நகர் வகுப்புகளில் பெண்கள் குறைவில்லை. தளத்தில் ஒரு கழிவறைகூட இல்லாமல் அவர்களை வேலைக்கு அனுப்புவது பற்றிச் சங்கங்கள் போதுமான அளவு பேசுவதில்லை.

சங்கங்கள் தங்கள் அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தியதில்லையா?

பயன்படுத்தியிருக்கின்றன. மேலே புகழ்ந்த அதே அமெரிக்க இயந்திரப் பொறியியலாளர் சங்கத்தில், விதிக்கோவைக்குப் பொறுப்பான குழுவில் ஒரு கம்பனியைச் சேர்ந்தவர் ஒருவர் இருந்தார். போட்டிக் கம்பனியின் கருவி விதிக்கு ஒவ்வாதது போல் தோன்றும் விளக்கக் கடிதம் ஒன்று சங்கத்தின் பெயரில் போனது. அதைக் காட்டி வாடிக்கையாளரைத் திருப்பினார்கள். ஹைட்ரோலெவல் என்ற அந்தப் போட்டிக் கம்பனி வழக்குத் தொடுத்தது. 1982 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சங்கமே பொறுப்பு என்று தீர்ப்பளித்தது. ஆகவே குழுவில் யார் இருக்கிறார்கள், அவர்களுக்கு எங்கே தொடர்பு என்று கேட்பது அவமரியாதை அல்ல.

எல்லாம் ஆங்கிலத்தில்தானே நடக்கிறது?

பெரும்பாலும் ஆம். ஆய்வுக் கட்டுரைக்கு அது தேவை; அதை நான் எதிர்க்கவில்லை. ஆனால் துருசு, வான், அலைகரை, குளக்கட்டு என்று வன்னி மக்கள் தலைமுறையாகப் பேசும் சொற்களில் அணைப் பாதுகாப்பு விளக்கப்படாவிட்டால், கட்டில் ஈரக்கசிவைக் காலையில் முதலில் காணும் மனிதருக்கு அது ஆபத்து என்று தெரியாமலே போகும். கசிவு நீர் தெளிவாக வந்தால் கவனிக்க வேண்டும். கலங்கி வந்தால் அணைக்குள் மண் அரிக்கிறது, உடனே அறிவிக்க வேண்டும். இந்த இரண்டு வரியை ஒவ்வொரு குளக்கட்டிலும் தமிழில் எழுதி வைக்கச் செலவு அதிகம் இல்லை.

வீடு கட்டப் போகிறேன். என் பொறியியலாளர் உண்மையானவரா என்று எப்படி அறிவது?

பதிவு இலக்கத்தைக் கேளுங்கள். பேரவையிடமோ நிறுவகத்திடமோ சரிபாருங்கள். கேட்டதற்குக் கோபப்படுபவரை விட்டுவிடுங்கள். ஒப்பந்தகாரருக்கு நிர்மாணத்துறை அபிவிருத்தி அதிகார சபையின் பதிவு வேறு, அதையும் பாருங்கள்.

போருக்குப் பின் இந்திய வீடமைப்புத் திட்டத்தில் பெரும்பாலான வீடுகளை உரித்தாளர்களே நின்று கட்டினார்கள். அந்த அனுபவம் பலருக்குக் கொங்கிரீட்டைப் பற்றிச் சொல்லிக் கொடுத்தது. மண்ணைப் பற்றி அவ்வளவாகச் சொல்லிக் கொடுக்கவில்லை. முருங்கன், துணுக்காய்ப் பக்கத்துக் கருங்களிமண் மழையில் ஊதும், கோடையில் சுருங்கி வெடிக்கும். காங்கேசன்துறைச் சீமெந்து ஆலைக்கு முருங்கனிலிருந்து எடுத்துச் சென்றது அந்தக் களிதான். அதன் மேல் சாதாரண ஆழத்தில் அத்திவாரம் போட்டால் சுவர் மூலைவிட்டமாக வெடிக்கும். பக்கத்து ஊரின் செம்மண் நிலத்துக்குப் போட்ட வரைபடத்தை அங்கே அப்படியே பயன்படுத்தாதீர்கள். பொறியியலாளர் குழி வெட்டி மண்ணைப் பார்த்தாரா என்பதே முதல் கேள்வி.

பொறியியலாளர் மீது முறைப்பாடு செய்யலாமா?

செய்யலாம். கட்டட வரைபடம், கையொப்பம், கொடுத்த பற்றுச்சீட்டு, திகதியிட்ட படங்கள் ஆகியவற்றை வைத்துக்கொண்டு எழுத்தில் அனுப்புங்கள். வேலையின் தரம், கொடுத்த ஆலோசனை, நேர்மை ஆகியவை சங்கம் விசாரிக்கக் கூடியவை. பணத் தகராறுக்கு நீதிமன்றமோ மத்தியஸ்த சபையோதான். வெறும் வாய்மொழி முறைப்பாட்டில் எவரும் அதிக தூரம் போக முடியாது.

வன்னியில் நாலைந்து பொறியியலாளர் இருக்கிறோம். எதிலிருந்து தொடங்கலாம்?

மாதம் ஒரு மாலை கூடுங்கள். கிளிநொச்சியிலோ மாங்குளத்திலோ, எல்லோருக்கும் பஸ் கிடைக்கும் இடத்தில். ஒவ்வொரு கூட்டத்திலும் ஒருவர் தன் வேலையில் சரியாகப் போகாத ஒன்றை வரைபடத்தோடு விளக்கட்டும். தொழில்நுட்ப உத்தியோகத்தர்களையும் இறுதியாண்டு மாணவர்களையும் அழையுங்கள். பேசியதை இரண்டு பக்கத்தில் எழுதி வையுங்கள். காலபோகத்துக்கு முன்பு, புரட்டாதியில், அருகிலுள்ள ஒரு சிறு குளத்தின் கட்டைக் கமக்காரர் அமைப்போடு சேர்ந்து நடந்து பாருங்கள். எலி வளை, மர வேர், கசிவு, வான் அடைப்பு ஆகியவற்றைக் குறித்துக் கமநல சேவை நிலையத்துக்கு ஒரு பிரதி கொடுங்கள். நிறுவகத்தின் மாகாணக் கிளைக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள்.